அழித்த கோட்டின் சுவடு: அருவ அசைபடங்களும் மனித நிலையாமையும்

அசைபடம் என்றவுடன் சிறுவருக்கான கேலிச்சித்திரமே பலருக்கு நினைவில் எழும். எனினும், கதையின்றிக் கோடு, ஒளி, நிழல் ஆகியவற்றின் இயக்கத்தாலேயே பொருளுணர்த்தும் அருவக் குறும்படங்களும் உள. அவை அழிவையும் மனித வாழ்வின் நொய்மையையும் எவ்வாறு காட்டுகின்றன என்பதை ஈண்டு நோக்குவோம்.

நிலையாமை இக்கலையின் அமைப்பிலேயே பொதிந்துள்ளது. திரையில் வினாடிக்கு 24 படச்சட்டங்கள் ஓடுகின்றன. ஒன்று மறைந்தாலன்றி அடுத்தது தோன்றாது. அமெரிக்கரான ஸ்டான் பிராக்கேஜ், 1963இல் வெளிவந்த 'மாத்லைட்' என்னும் படத்தைப் படக்கருவியின்றியே ஆக்கினார். விட்டிற்பூச்சிகளின் சிறகுகளையும் இலை, புல் துணுக்குகளையும் ஒளிபுகும் நாடாக்களிடையே ஒட்டி அதனையே படச்சுருளாக்கினார். மாண்ட சிறகுகள் திரையில் மீண்டும் படபடக்கின்றன.

தென்னாப்பிரிக்கரான வில்லியம் கென்ட்ரிட்ஜின் படங்களில் உருவங்கள் உண்டு. ஆயினும் அவர் கையாளும் முறை நம் பொருளுக்கு மிக நெருங்கியது. 1989 முதல் அவர் கரிக்கோலால் வரைந்து, படமெடுத்து, அழித்து, அதே தாளில் மீண்டும் வரைந்தார். அழித்த கோட்டின் மங்கிய சுவடு தாளில் எஞ்சும். 1994இல் வந்த 'ஃபீலிக்ஸ் இன் எக்ஸைல்' படத்தில் கொலையுண்டோரின் உடல்கள் நிலத்தோடு கலந்து மறைகின்றன. மறதிக்கு எதிரான சான்றாகச் சுவடு நிற்கிறது.

நம் நாட்டில் பம்பாய் ஓவியர் அக்பர் பதம்சீ (1928–2020) கோடுகளின் இயக்கமாகவே 'சிசிஜி' என்னும் படத்தை 1970ஆம் ஆண்டையொட்டி உருவாக்கினார். அவருடைய மற்றொரு படமான 'ஈவன்ட்ஸ் இன் எ கிளவுட் சேம்பர்' ஒரே படியாக இருந்தது, அதுவும் தொலைந்துபோயிற்று. பல்லாண்டுகள் கழிந்தபின், இயக்குநர் ஆஷிம் அலுவாலியா முதியவரான ஓவியரின் நினைவைத் துணைக்கொண்டு அதனை மீட்க முயன்றார். அம்முயற்சி 2016இல் படமாக வெளிவந்தது.

சுந்தரர் படியோலையைக் கிழித்தெறிந்தபின் திருவெண்ணெய்நல்லூர் அவையில் மூலவோலை காட்டப்பட்டதெனப் பெரியபுராணம் கூறும். பதம்சீயின் படத்திற்கோ காட்ட மூலமில்லை. ஒரு முதியவரின் நினைவே எஞ்சியிருந்தது. மீட்டெடுத்தது பழைய படமன்று என்பது உண்மையே. ஆயினும், கேட்டறிய அவர் அன்று உயிரோடிருந்தார். 2020 சனவரியில் கோயம்புத்தூரில் அவர் மறைந்தபின் அவ்வாயிலும் அடைபட்டது. பொருளின் அழிவைவிட அதனை அறிந்தோரின் மறைவு விரைந்து வரக்கூடும். நம்மிடையே வாழும் முதியோரின் நினைவுகளை அவர்கள் இருக்கும்போதே கேட்டுப் பதிந்துவைத்தல் நம் கடனாகும்.