முடியாத ஒரு வீடு

பாலு மகேந்திரா என்றதும் பலருக்கும் நினைவில் வருவது ‘மூன்றாம் பிறை’ (1982). அன்னாரை அறிய ‘வீடு’ பார்த்திருக்க வேண்டும்.

1939இல் மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்தவர். பூனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு கற்று, மலையாளப் படமான ‘நெல்லு’வில் கமராவைக் கையில் எடுத்தார். அவர் நெறிப்படுத்திய முதற்படம் 1977இல் வந்த கன்னடக் ‘கோகிலா’. அதன் ஒளிப்பதிவுக்கு இந்தியத் தேசிய விருது கிடைத்தது. கமராக்காரர் நெறியாளரானால் காட்சி கொழுக்கும், கதை மெலியும் என்பர். அவரது சில படங்களுக்கு அது பொருந்தும் என்றே கருதுகிறேன்.

1988இல் வெளியான ‘வீடு’ அந்தக் குறைக்குத் தப்பியது. அதில் பாட்டில்லை. வாடகை வீட்டை விடும்படி சொல்லப்பட்ட ஒரு கந்தோர்ப் பெண், பாட்டனையும் தங்கையையும் வைத்துக்கொண்டு சிறு வீடொன்று கட்ட முனைகிறாள். கொந்தராத்துக்காரர் ஏய்க்கிறார், சீமெந்து களவு போகிறது. சிறுவயதில் தம் தாயார் வீடு கட்டப் பட்ட பாடே இக்கதைக்கு வித்து என்று அவரே கூறியிருக்கிறார். பாட்டனாக வரும் சொக்கலிங்க பாகவதர், கட்டி முடியாத வீட்டைத் தனியே பார்க்க வருகிறார். சுவர்களைத் தடவியபடி அறை அறையாக நடக்கிறார். வசனம் இல்லை, இளையராஜாவின் இசை மட்டுமே. 2009இன் பின் வன்னியில் மீள்குடியேறி, அத்திவாரம் போட்டுவிட்டு அடுத்த தவணைக் காசுக்குக் காத்திருந்தவர்களுக்கு அந்தக் கைகளை விளக்கத் தேவையில்லை. ஈற்றில், காணி குடிநீர் வாரியத்துக்கு எப்போதோ எடுக்கப்பட்டுவிட்டதென்ற செய்தி வருகிறது.

கடைசிப் படமான ‘தலைமுறைகள்’ (2013) இல் பாட்டனாக அவரே நடித்தார். 2014 பெப்ரவரி 13இல் சென்னையில் காலமானார்.