சிங்கப்பூரின் கொல்லைப்புறக் கதவு

மெரினா பே சாண்ட்ஸ் உச்சியில் நீச்சல் குளம், வாயிலிருந்து தண்ணீர் கொப்பளிக்கும் மெர்லயன், விமான நிலையத்துக்குள்ளேயே கொட்டும் அருவி. சிங்கப்பூர் போய் வந்தவர்கள் செல்போனில் காட்டும் படங்கள் இவைதான். இதெல்லாம் வாசல். கோலம் போட்டு விளக்கேற்றிய வாசல். நாம் பின்பக்கமாகப் போவோம், வாங்க! குப்பை எங்கே போகிறது, எண்ணெயை எங்கே வைக்கிறார்கள், சாக்கடை எங்கே ஓடுகிறது, வெடிகுண்டை எங்கே அடுக்குகிறார்கள்? இந்த நான்குக்கும் விடை தெரிந்த நாளிலிருந்து எனக்கு அந்த ஊர்மேல் கிறுக்கே பிடித்திருக்கிறது.

கொல்லைப்புறத்தைப் பற்றிப் பேச வல்லூர்க்காரர்களை விட்டால் வேறு யார்? சென்னையின் கொல்லைப்புறத்தில்தானே நாம் குடியிருக்கிறோம். வல்லூரிலேயே 1500 மெகாவாட் அனல் மின் நிலையம். கிழக்கே வடசென்னை அனல் மின் நிலையம். நிலக்கரி வந்து இறங்கும் காமராஜர் துறைமுகம், அதை ஒட்டிக் காட்டுப்பள்ளித் துறைமுகம். தெற்கே மணலியில் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலை. நகரம் தன் கண்முன் வைத்துக்கொள்ள விரும்பாததெல்லாம் கொசஸ்தலை ஆற்றங்கரைக்கு வந்து சேர்ந்தது. 2011-ல் சென்னை மாநகராட்சி 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 ஆக விரிந்தபோது திருவொற்றியூரும் கத்திவாக்கமும் மணலியும் உள்ளே போயின. வல்லூர் கோட்டுக்கு வெளியே, மீஞ்சூர் ஒன்றியத்திலேயே நின்றுகொண்டது. மின்சாரம் மட்டும் கோட்டைத் தாண்டிப் போகிறது.

சிங்கப்பூருக்கு ஒரு வல்லூர் கிடையாது! கதையே அங்குதான் தொடங்குகிறது. நகரத்தின் எல்லை முடிகிற இடத்தில் நாடே முடிந்துவிடுகிறது. மொத்தம் சுமார் 735 சதுர கிலோமீட்டர், சுமார் 60 லட்சம் பேர். நெருக்கம் என்று பார்த்தால் நாம் அவர்களைத் தூக்கிச் சாப்பிட்டுவிடுவோம்: 2011 கணக்கெடுப்பில் பழைய 174 சதுர கிலோமீட்டர் சென்னைக்குள் 46 லட்சம் பேர் இருந்தார்கள். ஆனால் சென்னைக்குக் குடிநீர் பூண்டியிலிருந்தும் வீராணத்திலிருந்தும் வரும், சாம்பல் எண்ணூருக்குப் போகும். அவர்களோ விமான நிலையம், ராணுவம், ஏரி, ரசாயன ஆலை, குப்பை, கல்லறை எல்லாவற்றையும் அந்த 735-க்குள்ளேயே வைத்தாக வேண்டும்.

முதலில் சாம்பல். நம் ஊர்ச் சங்கதி, அதனால் இங்கே கொஞ்சம் நின்று பார்ப்போம்.

சிங்கப்பூரில் எரிக்கக்கூடிய குப்பையை எரித்துவிடுகிறார்கள். எரித்தால் பத்தில் ஒரு பங்கு அளவாகச் சுருங்கும். அந்த ஒரு பங்கைக் கொட்டத் தரையில் இடமில்லை. தீவின் கடைசிக் குப்பைமேடான லோரோங் ஹாலுஸ் 1999 மார்ச் 31-ல் மூடப்பட்டது. மறுநாளே கடலுக்குள் ஒரு குப்பைமேடு திறந்தது! செமாக்காவ், சாக்கேங் என்று தெற்கே இரண்டு குட்டித் தீவுகள். அவற்றுக்கு இடையில் கிடந்த கடலை 7 கிலோமீட்டர் பாறைக் கரையால் வளைத்து, தண்ணீர் கசியாத விரிப்பும் கடல் களிமண்ணும் வைத்துக் கரையை அடைத்து, 350 ஹெக்டேரில் தொட்டி தொட்டியாகப் பிரித்தார்கள். துவாஸ் படகுத்துறையில் சாம்பலை மூடிய பார்ஜில் ஏற்றி, இழுவைப் படகு கட்டி இரவோடு இரவாக இழுத்துப் போகிறார்கள். ஊர் தூங்கும்போது அதன் சாம்பல் கடல் கடக்கிறது.

இனிதான் எனக்கு மிகப் பிடித்த பகுதி. கரை கட்டும்போது அழிந்த அலையாத்திக் காட்டுக்குப் பதிலாக 13 ஹெக்டேரில் புதிதாக நட்டார்கள். அந்த மரங்கள்தான் காவல்காரர்கள்! சாம்பல் நீர் கசிந்தால் முதலில் வாடுவது அலையாத்தி. அது பச்சையாக நிற்கும்வரை கரை பத்திரம். எண்ணூர்க் கழிமுகத்திலும் அலையாத்தி இருக்கிறது. சாம்பல் குழம்பு போகும் குழாய் உடைந்து ஆற்றில் கலந்ததை நம் மீனவர்கள் எத்தனை தடவை சொல்லியிருப்பார்கள்! அங்கே மரம் வாடினாலே ஆள் ஓடிவர வேண்டும் என்பது ஏற்பாடு. இங்கே மனிதர் வாய்விட்டுச் சொல்லியும் மனு எழுத வேண்டியிருக்கிறது. செமாக்காவும் குறையில்லாத கதை இல்லை. சாக்கேங் தீவில் ஒரு மீனவ கிராமம் இருந்தது. அவர்களைக் கிளப்பிவிட்டுத்தான் கடலை வளைத்தார்கள். காட்டுப்பள்ளிக்காரர்களுக்கு அந்த வலியை விளக்க வேண்டியதில்லை.

அடுத்து எண்ணெய். மூச்சைப் பிடித்துக்கொள்ளுங்கள், கீழே இறங்குகிறோம். ஏழு தீவுகளுக்கு நடுவே கடலைத் தூர்த்து ஒன்றாக்கிய இடம் ஜூரோங் தீவு. வேலை 2009-ல் முடிந்தது. மணலி மாதிரிப் பல மடங்கு ஆலைகள். தீவும் நிரம்பியது. என்ன செய்தார்கள்? கடலுக்கு அடியில் 130 மீட்டர் ஆழத்தில் பாறையைக் குடைந்தார்கள்! ஒன்பது மாடி உயரக் குகைகள் ஐந்து, 2014-ல் திறந்தார்கள். கொள்ளளவு 14.7 லட்சம் கன மீட்டர். மேலே 60 ஹெக்டேர், அதாவது சுமார் 150 ஏக்கர் நிலம் மிச்சம்.

பாறையில் விரிசல் இருக்குமே, எண்ணெய் கசியாதா? அங்கேதான் சாமர்த்தியம். குகைக்கு மேலே பாறையில் துளைகள் போட்டு அழுத்தத்தோடு தண்ணீரை நிரப்பி வைக்கிறார்கள். சுற்றியிருக்கும் தண்ணீர் குகையை நோக்கி நெருக்குவதால் எண்ணெய்க்கு வெளியே வர வழியில்லை. உள்ளே கசியும் சொட்டுத் தண்ணீரைப் பம்ப் போட்டு எடுத்துவிடலாம். எண்ணெயைப் பூட்டி வைக்கத் தண்ணீரையே பூட்டாக்கிவிட்டார்கள்! 2017 ஜனவரியில் காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதி, கறுப்பு எண்ணெயை நம் பிள்ளைகள் வாளியில் அள்ளிய கரையிலிருந்து இதைப் பார்க்கிறபோது வயிற்றெரிச்சலும் வியப்பும் சேர்ந்தே வருகின்றன.

வெடிகுண்டும் அப்படித்தான். மண்டாய் கருங்கல் பாறைக்குள் 2008-ல் ராணுவக் கிடங்கு வந்தது. வெடிபொருள் கிடங்கைச் சுற்றி யாரும் குடியிருக்கக் கூடாத வெற்றிடம் வேண்டும். கிடங்கு பாறைக்குள் போனதும் 300 ஹெக்டேர் விடுபட்டது. சாக்கடை? கிராஞ்சியிலிருந்து சாங்கி வரை 48 கிலோமீட்டர் சுரங்கம், சரிவாக. வழியில் பம்பே இல்லாமல் தானாக ஓடிப்போய் சாங்கியில் சுத்தமாகிறது.

துறைமுகமும் இடம் மாறுகிறது. நகர மையத்தில் இருந்த தஞ்சோங் பகார் உள்ளிட்ட முனையங்களை எல்லாம் மேற்கு ஓரத்துக்கு, துவாஸுக்குக் கொண்டுபோகிறார்கள். 2022-ல் முறையாகத் திறந்தது. 2040-களில் முழுதாக முடியும்போது ஆண்டுக்கு 6.5 கோடி கன்டெய்னர் கையாளுமாம். கரைக்குச் சுவராக 28 மீட்டர் உயரம், 15,000 டன் எடையுள்ள கான்கிரீட் பெட்டிகளைக் கடலில் வரிசையாக இறக்கினார்கள். முதல் கட்டத்துக்கு மட்டும் 221 பெட்டிகள்! துவாஸ், ஜூரோங் கட்டுமானங்களில் வெல்டிங், கம்பி கட்டுதல், சாரம் என்று தமிழ்நாட்டு ஆட்கள் நிறையப் பேர். ஞாயிற்றுக்கிழமை தேக்கா பக்கம் போனால் அவர்கள் பேச்சு காதில் விழும்.

இறந்தவர்களுக்கும் கால அளவு உண்டு. சுவா சூ காங்கில் 1998 முதல் ஒரு கல்லறைக்குப் 15 ஆண்டுகள். பிறகு தோண்டி எடுத்து எரிப்பார்கள். புதைப்பதே மத வழக்கம் என்றால் சிறிய இடத்தில் மறுபடி வைப்பார்கள். பிடாதாரி இடுகாடு முழுவதும் எடுக்கப்பட்டு இப்போது வீடமைப்பு வளர்ச்சிக் கழகக் குடியிருப்பு.

இத்தனைக்கும் மணல் எங்கிருந்து வந்தது? 1960-களில் 581 சதுர கிலோமீட்டராக இருந்த நாடு அக்கம்பக்கத்து நாடுகளின் மணலைக் கொட்டித்தான் வளர்ந்தது. மலேசியா 1997-ல் கதவைச் சாத்தியது, இந்தோனேசியா 2007-ல், கம்போடியா 2017-ல். எடுத்த இடத்தில் கரை சரிந்தது, மீன் குறைந்தது. கடலை ஓரிடத்தில் தொட்டால் இன்னோரிடத்தில் அது பதில் சொல்லும் என்பது ராயபுரத்துக்குத் தெரியாதா? 1870-களில் துறைமுகம் கட்டத் தொடங்கியதும் வடக்கே போக வேண்டிய மணல் தெற்கே தங்கி மெரினாவை அகலமாக்கியது. ராயபுரமும் திருவொற்றியூரும் இன்றைக்கும் கல் கொட்டி, தூண்டில் வளைவு கட்டிக் கடலோடு மல்லுக்கட்டுகின்றன.

மணல் கிடைக்காததும் சிங்கப்பூர் யோசித்தது. துவாஸில் கடலடியில் தூர்வாரிய சேற்றையும் கட்டுமானங்களில் தோண்டிய மண்ணையும் போட்டு நிரப்பியது. தெக்கோங் தீவில் டச்சுக்காரர் பாணி: 10 கிலோமீட்டர் கரை கட்டி உள்ளிருக்கும் தண்ணீரை இறைத்துவிட்டு, கடல் மட்டத்துக்கும் கீழே நிலம் எடுத்திருக்கிறார்கள்.

தெக்கோங் ராணுவத் தீவு, நாம் போக முடியாது. ஆனால் பக்கத்துத் தீவான புலாவ் உபினின் கிழக்கு முனை செக் ஜாவாவுக்குப் போகலாம், கட்டாயம் போக வேண்டும்! அந்த முனையையும் தூர்க்கத்தான் திட்டம் இருந்தது. 2001-ல் செய்தி பரவியதும் ஜனங்கள் நீர் வற்றும் நேரம் பார்த்துப் பார்த்துக் கூட்டம் கூட்டமாகப் போனார்கள், ஆர்வலர்கள் அங்குள்ள உயிரினங்களைப் பட்டியலிட்டு அரசுக்குக் கொடுத்தார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் திட்டம் தள்ளிவைக்கப்பட்டது. நிலத்துக்கு உயிரை விடும் நாடு, நண்டும் சேறும் கடற்புல்லும் நிறைந்த ஒரு திட்டை வேண்டாமென்று விட்டுவைத்தது! எண்ணூர் கழிமுகத்தைக் காலி இடமாகப் பார்க்கிற நம் அதிகாரிகளை முதலில் அங்கேதான் கூட்டிக்கொண்டு போக வேண்டும். மரப்பாலம் போட்டிருக்கிறார்கள், கால் நனையாது. சாங்கி முனைப் படகுத்துறையில் 12 பேர் சேர்ந்ததும் படகை எடுத்துவிடுவார்கள்.