லெமாங்கும் நாய் நகமும்

“எங்கள் கருப்பன் நடந்தால் டைல்ஸில் டக் டக்கென்று சத்தம். நகத்தை நானே வெட்டலாமா? நகமும் கறுப்பு, சதை எங்கே இருக்கிறதென்றே தெரியவில்லை.” மெர்சிங் வாசகி ஒருவரின் கேள்வி.

அந்தச் சத்தமே பாதிப் பதில்: நகம் நீண்டுவிட்டது. தார்ச்சாலையில் திரியும் நாய்க்கு நகம் தானே தேயும். மெர்சிங்கில் நவம்பர் வாக்கில் வடகிழக்குப் பருவமழை பிடித்துக்கொண்டால் தியோமான் தீவுப் படகுகளே ஒதுங்கிவிடும். கருப்பன் மட்டும் வெளியே போவானா? வழவழத்த டைல்ஸ் எதையும் தேய்க்காது.

நோன்புப் பெருநாள் சமயத்தில் நெருப்போரம் சாய்த்து வைத்திருக்கும் லெமாங்கை நினைத்துக்கொள்ளுங்கள். வெளியே மூங்கில், உள்ளே வாழையிலை, நடுவில் புளுட் என்னும் பசையரிசிச் சோறு. நாய் நகத்தில் மூங்கில் என்பது கெரட்டின். அதற்கு வலி தெரியாது. வாழையிலை, நரம்பும் இரத்தக்குழாயும் ஓடும் உயிர்ச்சதை. சோறு, விரலின் கடைசி எலும்பு. இலை சோற்றைத் தாண்டிச் சற்று நீளும். மூங்கில் அதையும் தாண்டி வெறுமனே நீளும். வெட்ட வேண்டியது அந்த வெறும் மூங்கிலை மட்டும். வாராவாரம் கொஞ்சம் கொஞ்சமாக வெட்டி வந்தால் இலையும் மெல்ல உள்ளே ஒதுங்கிக்கொள்ளும். அப்படி ஒதுங்கும் லெமாங்கை யாரும் காசு கொடுத்து வாங்க மாட்டார்கள். நாய்க்கோ அதுதான் நல்லது.

கறுப்பு நகத்தில் இலையை எப்படிக் கண்டுபிடிப்பது? பக்கவாட்டில் பார்த்துப் பயனில்லை. வெட்டிய முகத்தைப் பாருங்கள். ஒரு மில்லிமீட்டர் சீவினால் வெளிறிய, உலர்ந்த பரப்பு தெரியும். இன்னொரு சீவல். நடுவில் ஈரப்பசையோடு கருமையான புள்ளி எட்டிப்பார்த்தால் கத்தரியைக் கீழே வைத்துவிடுங்கள். அடுத்த சீவலில் இரத்தம்.

‘சதையைக் காட்டும்’ எல்இடி விளக்கு வைத்த கத்தரிகளுக்கு விளம்பரம் அமர்க்களம். வெள்ளை நகத்தில் விளக்கில்லாமலே இளஞ்சிவப்பு தெரியும். கறுப்பு நகத்திலோ மெலனின் அந்த ஒளியை விழுங்கிவிடும். விளக்குக்குக் கொடுக்கும் காசைக் கூர்மைக்குக் கொடுங்கள். மழுங்கிய கத்தரி வெட்டுமுன் நகத்தை நசுக்குகிறது. நாய் கத்துவது பல சமயம் அதற்குத்தான். மனித நகவெட்டியும் வேண்டாம். அது தட்டை நகத்துக்கானது.

தவறி இரத்தம் வந்துவிட்டால் அதை நிறுத்தும் பொடியைத் தொட்டு வையுங்கள். அதன் வரலாறு கேட்பவர்களுக்கு: 19ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சு இராணுவ மருந்தாளர் மோன்செல் பிரபலமாக்கிய இரும்பு உப்புதான் இன்றும் பல இரத்தம் நிறுத்தும் பொடிகளில் இருக்கிறது. புரதத்தைத் திரளவைத்து இரத்தக்குழாயின் வாயை அடைக்கும். போதும்.

பொடி இல்லையா? சோளமாவைத் தொட்டுச் சில நிமிடம் விடாமல் அழுத்துங்கள். நிற்கவில்லையென்றால் கால்நடை மருத்துவர்தான். முன்காலின் உட்புறம் உயரே இருக்கும் ஐந்தாவது நகத்தை மறக்காதீர்கள். நடக்கும்போது அது தரையில் தேயாது. வளைந்து தோலுக்குள்ளேயே குத்தும்.

அதையும் சேர்த்தால் பெரும்பாலான நாய்களுக்கு 18 நகம். நாளைக்கு இரண்டு என்றால் ஒன்பது நாள். கருப்பனுக்கு அவசரமில்லை, நமக்குத்தான்.