இரண்டாம் முறை இழந்த அம்மா

அலுவலக வாசலில் அம்மா நிற்கிறாள். பாரி ஆலன் திகைத்துப் போகிறான். அவன் சிறுவனாக இருந்தபோதே கொலையுண்டவள் அவள். 2013இல் ஜே ஒலிவா இயக்கத்தில் வந்த ‘ஜஸ்டிஸ் லீக்: தி ஃப்ளாஷ்பாயின்ட் பாரடாக்ஸ்’ அனிமேஷன் படத்தில், காலம் புரண்டுவிட்டதை ஃப்ளாஷ் என்னும் அதிவேக வீரனான பாரி உணரும் இடம் இது. ஜெஃப் ஜான்ஸ் எழுத, ஆண்டி குபர்ட் வரைந்த 2011ஆம் ஆண்டு காமிக்ஸ்தான் மூலம்.

அம்மா இருக்கிறாள், ஆனால் பாரி நேசிக்கும் ஐரிஸ் வேறொருவரின் மனைவி. அக்வாமேனும் வொண்டர் வுமனும் மோதும் போரில் உலகமே அழிந்துகொண்டிருக்கிறது. பாரியின் கால்களில் மின்னல் தாக்கிக் கிடைத்த அந்த வேகமும் இல்லை. அதைத் திரும்பப் பெற, மின்னல் தாக்கட்டும் என்று துணிந்து உட்காருகிறான். முதல் முயற்சியில் உடல் வெந்துபோகிறது. கட்டுகளோடு மறுபடியும் போய் உட்காருகிறான்.

அவனுக்கு உதவும் பேட்மேன், நாம் அறிந்த பேட்மேனான புரூஸ் அல்ல, அவர் அப்பா தாமஸ் வெய்ன். இந்த உலகில் சந்தில் குண்டடிபட்டுச் செத்தது சிறுவன் புரூஸ். அதன்பின் கொல்லவும் தயங்காத மனிதராகிவிட்டார் தாமஸ். பழைய காலம் திரும்பினால் மகன் பிழைப்பான், தான் இறந்துபோவோம் என்று தெரிந்ததும், அதற்காகவே பாரியின் பக்கம் நிற்கிறார். எத்தனையோ சூப்பர் ஹீரோ தியாகங்களைப் பார்த்திருக்கிறோம். எனக்கு இந்த அப்பாவுக்கு ஈடாக ஒருவரும் இல்லை.

காலத்தைக் கலைத்தது எதிரி என்றே பாரி நம்பியிருக்கிறான். அம்மாவைக் காப்பாற்றக் காலத்தில் பின்னோக்கி ஓடிக் கலைத்தவன் நீதான் என்று அந்த எதிரியான புரொஃபசர் ஜூம் போட்டு உடைக்கிறான். பாரி மறுபடி ஓடி, தன்னையே தடுத்து நிறுத்துகிறான். அம்மாவின் சாவுக்கு அவனே வழிவிட வேண்டியிருக்கிறது. 2023இல் நடிகர்களை வைத்து எடுத்த ‘தி ஃப்ளாஷ்’ படத்தில், சூப்பர் மார்க்கெட்டில் அம்மாவைக் கட்டிக்கொண்டு விடைபெறுகிறான். மனதை உருக்கும் காட்சிதான். என்றாலும், அந்த ஆறுதலைக்கூடத் தராத அனிமேஷனில்தான் இழப்பின் முழுக் கனமும் தெரிகிறது.

தாமஸ் கொடுத்தனுப்பிய கடிதம் மட்டும் காலம் தாண்டி வருகிறது. பாரி அதை புரூஸிடம் சேர்க்கிறான். படித்த பேட்மேன் கண்கலங்குகிறார். அதில் என்ன எழுதியிருந்தது என்று வாசித்துக் காட்டாமல் விட்டது நல்ல முடிவு.

அவசியம் பாருங்கள். ஆனால் கார்ட்டூன்தானே என்று சின்னக் குழந்தைகளைப் பக்கத்தில் உட்காரவைக்காதீர்கள். படத்தில் ரத்தம் அதிகம்.