சோடா விற்ற பையன்!

‘பிகில்’ படம் பார்த்திருக்கிறீர்களா குட்டீஸ்? 2019-ல் வந்த கால்பந்துப் படம். 2006-ல் வந்த ‘திமிரு’ படத்தை உங்கள் வீட்டுப் பெரியவர்கள் பார்த்திருப்பார்கள். இரண்டிலும் ஐ.எம்.விஜயன் என்பவர் நடித்திருக்கிறார். ‘திமிரு’வில் அவர் வில்லன்! ஆனால், கேரளாவிலோ, கோல்கட்டாவிலோ அவர் பெயரைச் சொல்லிப் பாருங்கள். யாரும் சினிமாவைப் பற்றிப் பேச மாட்டார்கள். கால்பந்துக் கதைதான் ஆரம்பமாகும்.

கேரள மாநிலம், திருச்சூரில் 1969-ல் பிறந்தவர் விஜயன். மிகவும் ஏழைக் குடும்பம். சிறு வயதிலேயே அப்பாவை விபத்தில் பறிகொடுத்தார். வீட்டுக்குக் காசு வேண்டுமே... ஊர் மைதானத்தில் போட்டி நடக்கும் நாட்களில் சோடா விற்கப் போனார். ஒரு பாட்டில் விற்றால் அவருக்குக் கிடைத்தது 10 காசு! விற்றுக்கொண்டே ஆட்டத்தையும் பார்த்துவிடலாம். அந்த லாபம் காசைவிடப் பெரியது.

சாத்துண்ணி என்ற பயிற்சியாளரிடம் முறையாக ஆடக் கற்றார். 17 வயதில் கேரள போலீஸ் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. ‘போலீசுக்கும் கால்பந்துக்கும் என்ன சம்பந்தம்?’ என்கிறீர்களா? அந்தக் காலத்தில் போலீஸ், ரயில்வே, வங்கி, நூற்பாலை என்று பல இடங்களில் சொந்த அணி வைத்திருப்பார்கள். நன்றாக ஆடினால் வேலையும் கிடைக்கும். சோடா விற்ற பையனுக்கு மாதச் சம்பளம் என்றால் சும்மாவா!

1990-ல் கேரள போலீஸ் பெடரேஷன் கோப்பையை வென்றது. இறுதிப்போட்டி நடந்த ஊர் எது தெரியுமா? அதே திருச்சூர்! அடுத்த ஆண்டும் கோப்பை அவர்களுக்கே.

விஜயன் ஆடிய இடம் முன்களம். எதிரணியின் கோலுக்குப் பக்கத்திலேயே சுற்ற வேண்டும். தடுப்பாட்டக்காரர்கள் இரண்டு பேர் ஒட்டிக்கொண்டே வருவார்கள். பந்து காலுக்கு வந்தால், யோசிக்க ஒரு நொடிகூடக் கிடைக்காது. விஜயன் அந்த ஒரு நொடிக்குள் நெஞ்சில் வாங்கி, திரும்பி, உதைத்து விடுவார். அவரது வேகத்தைப் பார்த்து, ‘கறுப்பு மான்’ என்று பட்டப்பெயர் வைத்தனர்.

1991-ல் ஒரு சிக்கல். கோல்கட்டாவின் மோகன் பகான் அணி கூப்பிட்டது. போனால் போலீஸ் வேலையை விட வேண்டும். சாப்பாட்டுக்குக் கஷ்டப்பட்டவர், கையிலிருக்கும் அரசு வேலையை விடுவதா? விட்டார், போனார். அடுத்த ஆண்டே போலீஸ் அணிக்குத் திரும்பினார். மறுபடியும் கோல்கட்டா போனார்! பின்னாளில் மோகன் பகானின் பரம எதிரியான ஈஸ்ட் பெங்கால் அணிக்கும் ஆடினார். அங்கே ஈஸ்ட் பெங்கால் ஜெயித்தால் வீடுகளில் இலிஷ் மீன் குழம்பு; மோகன் பகான் ஜெயித்தால் இறால். அப்படிப்பட்ட ஊரில் இரண்டு பக்கமும் ஆடுவது லேசுப்பட்ட காரியமல்ல!

இடையில் பஞ்சாபின் பக்வாராவிலுள்ள ஜே.சி.டி. ஆலை அணிக்குப் போனார். அங்கே சிக்கிம் பையன் பாய்சுங் பூட்டியா கூட்டாளி. தேசிய லீக் முதன்முதலாக 1996-97-ல் நடந்தபோது, ஜே.சி.டி.தான் சாம்பியன், அதிக கோல் அடித்தவர் பூட்டியா.

1997-ல் சொந்த மாநிலத்தில் எப்.சி. கொச்சின் என்ற புது அணி பிறந்தது. விஜயன் ஓடோடி வந்தார். அதே ஆண்டில் அந்த அணி டுராண்ட் கோப்பையை வென்றது. கேரள அணி ஒன்று அதை வென்றது அதுவே முதல் முறை. ஆனால், சில ஆண்டுகளில் பணம் தீர்ந்தது, சம்பளம் நின்றது, அணியே காணாமல் போனது. ஜே.சி.டி. அணியும் 2011-ல் மூடப்பட்டது. எத்தனை கோல் அடித்தாலும், அணியை நடத்தப் பணம் இல்லாவிட்டால் வீரர் வேறு ஊர் தேட வேண்டியதுதான்.

நாட்டின் சிறந்த வீரர் விருதை மூன்று முறை வாங்கினார் விஜயன். 1999-ல் பூடானுக்கு எதிராக, ஆட்டம் தொடங்கிய 12-வது நொடியிலேயே கோல் அடித்தார். ‘ஒன்று, இரண்டு...’ என்று எண்ணிப் பாருங்கள், அவ்வளவுதான் நேரம்!

2006-ல் ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்று, திருச்சூர் பிள்ளைகளுக்குப் பயிற்சி தர ஆரம்பித்தார். விட்டுப்போன போலீஸ் வேலையும் திரும்பக் கிடைத்தது. அதிகாரியாக உயர்ந்து, 2025 ஏப்ரலில் காக்கிச் சட்டையைக் கழற்றினார். அதே ஆண்டில் அவருக்கு பத்மஸ்ரீ விருதும் கிடைத்தது.