உல்லு, ஆல்ட் முடக்கம்: பூட்டிய தளங்கள் திரும்பி வருவது ஏன்?

உல்லு, ஆல்ட் உள்ளிட்ட 25 ஓடிடி தளங்களை ஆபாச உள்ளடக்கத்துக்காக முடக்கும்படி மத்திய தகவல், ஒலிபரப்பு அமைச்சகம் 2025 ஜூலையில் உத்தரவிட்டது. 2024 மார்ச்சிலும் இப்படி 18 தளங்கள் முடக்கப்பட்டன. அவற்றில் ஐந்து, புதிய இணைய முகவரிகளில் மறுபடி கடை விரித்ததாக அமைச்சகமே கூறியது.

வளர்ந்தது எப்படி?

திரையரங்கில் ஓடும் படத்துக்குத் தணிக்கைச் சான்றிதழ் கட்டாயம். ஓடிடி தொடருக்கு அது தேவையில்லை. மொபைல் டேட்டா மலிவான காலத்தில், 2017-இல் ஆல்ட்பாலாஜி (பின்னாளில் ஆல்ட்) வந்தது. 2018-இல் உல்லு வந்தது. பெரிய நட்சத்திரங்களை அமர்த்த முடியாத சிறு நிறுவனங்கள், பாலுறவுக் காட்சிகளையே மூலதனமாக்கி, குறைந்த சந்தாவில் குறுந்தொடர்களை விற்றன. 2024-இல் முடக்கப்பட்ட ஒரு செயலியை மட்டும் 1 கோடிக்கும் அதிகமான முறை பதிவிறக்கியிருந்தார்கள்.

சட்டம் என்ன சொல்கிறது?

2021-இன் தகவல் தொழில்நுட்ப விதிகள் ஓடிடி படைப்புகளை 'யு' முதல் 'ஏ' வரை வயதுவாரியாகப் பிரிக்கச் சொல்கின்றன. 'ஏ' வகைக்கு நம்பகமான வயதுச் சரிபார்ப்பு வேண்டும். அதாவது, வயதுவந்தோருக்கான படைப்பு இருக்கலாம் என்பதைச் சட்டமே ஏற்கிறது. ஆபாசத்தை இணையத்தில் வெளியிடுவதுதான் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67, 67ஏ பிரிவுகளின்படி குற்றம்.

எது ஆபாசம்? ஒரு படத்தையோ வரியையோ தனியே பிய்த்தெடுக்காமல், முழுப் படைப்பையும் இன்றைய சமூகத்தின் அளவுகோலில் பார்க்க வேண்டும் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. கொச்சைப் பேச்சு மட்டுமே ஆபாசமாகிவிடாது என்று 'காலேஜ் ரொமான்ஸ்' தொடர் வழக்கில் 2024 மார்ச்சில் தெளிவுபடுத்தியது. நீதிமன்றம் படைப்பைப் பார்க்கச் சொல்கிறது. முடக்க உத்தரவோ தளத்தையே மூடுகிறது.

இணையத் தகவலை முடக்க அதிகாரம் தரும் 69ஏ பிரிவு, நாட்டின் பாதுகாப்பு, பொது ஒழுங்கு போன்ற காரணங்களைப் பட்டியலிடுகிறது. அந்தப் பட்டியலில் ஆபாசம் இல்லை. 2025-இல் அரசு 79(3)(பி) பிரிவைக் கையில் எடுத்தது. அரசு சுட்டிக்காட்டிய சட்டவிரோத உள்ளடக்கத்தை நீக்காத இடைநிலை நிறுவனம் (இணைய இணைப்பு தரும் நிறுவனம் போன்றது) தன் சட்டப் பாதுகாப்பை இழக்கும் என்பதே அப்பிரிவின் சாரம்.

விடுபட்டது எது?

2022-இல் கேரள இளைஞர் ஒருவர், ஒப்பந்தத்தைக் காட்டி மிரட்டித் தன்னை ஆபாசத் தொடரில் நடிக்க வைத்ததாகப் போலீசில் புகார் அளித்தார். இந்தத் தொழிலின் உண்மையான காயம் இங்கேதான் இருக்கிறது. என்ன காட்சி என்று முன்கூட்டியே எழுதிப் பெறும் சம்மதம், படப்பிடிப்பின் நடுவிலும் விலகும் உரிமை, சம்மதமின்றி எடுத்த காட்சியை எங்கிருந்தாலும் நீக்க விரைவான வழி ஆகிய மூன்றும் நடிப்பவர்களுக்குத் தேவை. சிறுவர்களைக் காக்க, '18 வயதாகிவிட்டதா?' என்ற பொத்தானைத் தாண்டிய சரிபார்ப்பு தேவை.

முகவரியை மாற்ற ஒரு நாள் போதும். சம்மதமின்றி எடுத்த காட்சி வேறொரு முகவரியில் ஓடிக்கொண்டிருக்கும்வரை, பழைய முகவரிக்குப் போட்ட பூட்டால் அதில் நடிக்க வைக்கப்பட்டவருக்கு எந்தப் பயனும் இல்லை.