தகட்டில் எழுதியிருப்பது என்ன?

உள்ளங்கை அகலத்தில் ஒரு செப்புத் தகடு. புளி போட்டுத் தேய்த்துப் பளபளப்பாக்கி, எழுத்தாணியால் அதில் கட்டம் கீறுகிறார்கள். கோடுகள் கட்டத்துக்கு வெளியே நீண்டு சூலமாக முடிகின்றன. ஒவ்வோர் அறையிலும் ஓர் எழுத்து அல்லது ஓர் எண். மஞ்சளும் சந்தனமும் வைத்து, ஒரு மண்டலம், அதாவது 48 நாள் உருவேற்றி, சுருட்டிக் குப்பியில் அடைத்துக் கறுப்புக் கயிற்றில் கோத்தால் தாயத்து. தருமபுரிப் பக்கத்துக் கிராமங்களில் இதைச் செய்துகொடுப்பவர் மந்திரவாதியாக இருக்கலாம், பூசாரியாக இருக்கலாம். இஸ்லாமியப் பெரியவர்கள் ஓதி ஊதிக் காகிதத்தில் எழுதிக் கொடுப்பதும் உண்டு. யாராக இருந்தாலும் அடிப்படை வேலை ஒன்றுதான்: எழுதுவது. இவர்களை நாம் பக்தியோடு பார்த்திருக்கிறோம், பயத்தோடு பார்த்திருக்கிறோம். எழுத்துக்காரர்களாகப் பார்த்ததில்லை. அப்படிப் பார்த்தால்தான் தகட்டுக்குச் சக்தி எங்கிருந்து வருகிறது என்று விளங்கும். எதிரே கைகட்டி உட்கார்ந்திருப்பவரால் அதை வாசிக்க முடியவில்லை என்பதிலிருந்துதான் வருகிறது.

இதற்குச் சான்று இந்த மண்ணிலேயே நிற்கிறது. தகடூர் என்ற பழம்பெயர் கொண்ட தருமபுரி, நடுகற்களின் பூமி. ஆநிரைப் பூசலில் செத்த வீரனுக்குக் கல் நட்டு, இன்ன அரசனுடைய இத்தனையாவது ஆட்சியாண்டில் இன்னார் பட்டார் என்று வட்டெழுத்தில் பொறித்து வைத்தார்கள். பல்லவர் காலத்துக் கற்களே இங்கு ஏராளம். பிறகு வட்டெழுத்து வழக்கொழிந்தது, படிக்க ஆளில்லை, கல் மட்டும் நின்றது. அந்தக் கற்களில் பல இன்று வேடியப்பன் என்ற சாமி. எண்ணெய் பூசிப் பொங்கல் வைக்கிறோம், வேண்டிக்கொள்கிறோம். 1970களில் தொல்லியல் துறையினர் ஊர் ஊராகப் போய் மைப்படி எடுத்து வாசித்தபோது, மாட்டை மீட்கப் போய் உயிர்விட்ட மனிதர்களின் பெயர்கள் வெளியே வந்தன. வாசித்ததால் அந்தக் கல்லுக்கு மரியாதை குறைந்ததா? கூடத்தான் செய்தது. பெயரில்லாமல் கிடந்தவருக்குப் பெயர் திரும்பக் கிடைத்தது.

தகட்டையும் அதே போல வாசித்துப் பார்ப்போம். பூசை அறைகளில் கோலமாகவும் கடைகளில் தகடாகவும் கிடைக்கும் குபேர எந்திரத்தில் ஒன்பது அறைகள். முதல் வரிசை 27, 20, 25. இரண்டாவது 22, 24, 26. மூன்றாவது 23, 28, 21. நெடுக்கே கூட்டினாலும் குறுக்கே கூட்டினாலும் மூலைக்கு மூலை கூட்டினாலும் 72. ஒவ்வோர் எண்ணிலிருந்தும் 19ஐக் கழித்தால் 1 முதல் 9 வரையிலான எண்கள் மிஞ்சும். எப்படிக் கூட்டினாலும் 15 வரும். சீனர்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே அறிந்திருந்த மாயச்சதுரம் இதுதான். கஜுராகோவின் சமணக் கோயில் ஒன்றில் 16 அறைச் சதுரம் செதுக்கப்பட்டிருக்கிறது; அதில் கூட்டுத்தொகை 34. இத்தகைய சதுரங்களைக் கட்டுவது எப்படி என்று நாராயண பண்டிதர் 1356இல் எழுதிய கணித கௌமுதியில் தனி அத்தியாயமே இருக்கிறது. நம் திருமூலரும் திருமந்திரத்தின் நான்காம் தந்திரத்தில் பெரும்பகுதியைச் சக்கரங்களுக்கு ஒதுக்கியிருக்கிறார். ஐந்தெழுத்தை 25 அறைகளில் இடம் மாற்றி மாற்றி அடைத்து, எந்த வரிசையிலும் ஓரெழுத்து இரண்டு முறை வராமல் பார்த்துக்கொள்வது சாதாரண மூளை செய்கிற வேலையல்ல. இந்த அறிவை ‘மாந்திரீகம்’ என்ற ஒரே சொல்லில் மூடிவைப்பது நமக்குத்தான் நட்டம்.

எழுதப் படிக்கத் தெரியாதவர்கள்தானே இதை நம்புகிறார்கள் என்று சிலர் கேட்கலாம். 2011 கணக்கெடுப்பில் தருமபுரியின் எழுத்தறிவு 68.5 விழுக்காடு; மாநிலத்திலேயே கடைசி இடம். ஆனால் இதை வைத்துக்கொண்டு மட்டும் முடிவுக்கு வந்துவிட முடியாது. பட்டம் வாங்கியவர்கள் வாகனத்திலும் கல்லாப்பெட்டியிலும் தகடு ஒட்டுகிறார்கள். பள்ளியில் படித்த எழுத்து தகட்டைப் படிக்க உதவுவதில்லை. கிரந்த எழுத்தும் வரிசை மாறிய அட்சரமும் அவர்களுக்கும் புதிர்தான். இன்னொரு காரணத்தை மானிடவியலாளர் மாலினோவ்ஸ்கி டிரோபிரியாண்ட் தீவுகளில் கண்டார். அமைதியான உப்பங்கழியில் மீன் பிடிக்கும்போது அங்கே மந்திரம் கிடையாது. ஆழ்கடலுக்குப் போகும்போதுதான் மந்திரம். மழையை நம்பிச் சாமையும் கேழ்வரகும் விதைக்கிறவருக்கும், விலை எங்கே நிற்கும் என்று தெரியாமல் தக்காளி நடுகிறவருக்கும் ஆண்டு முழுவதும் ஆழ்கடல்தான். அவர் தாயத்து கட்டுவதைப் பார்த்துச் சிரிக்க யாருக்கும் உரிமையில்லை.

மனத்துக்குத் தைரியம் கொடுக்கிறது, இருந்துவிட்டுப் போகட்டுமே என்பது அடுத்த கேள்வி. தைரியத்தோடு நின்றால் எனக்கும் மறுப்பில்லை. ஆனால் அதே தகடுதான் செய்வினையாகவும் வருகிறது. வீட்டுக்கு யாரோ வைத்துவிட்டார்கள் என்று சொல்லி, வாசலைத் தோண்டி ஒரு சுருளை எடுத்துக் காட்டுகிறார்கள். கழிப்புக்குப் பணம் போகிறது. அதைவிடக் கொடுமை, ‘வைத்தது யார்’ என்ற கேள்வி பக்கத்து வீட்டுப் பெண் மேலோ, பங்காளி மேலோ போய் விழுவது. ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய நாட்களும் அதிலேயே கரைகின்றன. சில நோய்களைத் தீர்க்கும் என்று தாயத்தையும் மந்திரத்தையும் கவசத்தையும் விளம்பரம் செய்வதை மத்திய அரசின் 1954ஆம் ஆண்டுச் சட்டமே தடை செய்கிறது. முதல் முறை குற்றம் உறுதியானால் ஆறு மாதம் வரை சிறை விதிக்கலாம். சட்டம் ஒருபுறம் இருக்க, பயத்தைப் போக்குவது வாசிப்புதான். இங்கிலாந்தின் பாத் நகரத்து வெந்நீர் ஊற்றில் ரோமர் காலத்து ஈயத் தகடுகள் சுமார் 130 கிடைத்தன. ஏறக்குறைய எல்லாமே சாபத் தகடுகள். சுருளைப் பிரித்து வாசித்தபோது, போர்வை திருடு போனவரும் காசு தொலைத்தவரும் தேவதையிடம் கொடுத்த புகார்களாகத்தான் அவை இருந்தன. பிரித்துப் படித்த பிறகு அவற்றைக் கண்டு பயப்பட எவருமில்லை.

உங்கள் வாசலிலிருந்து ஒருவர் தகடு எடுத்துக் காட்டினால் அதை வெளிச்சத்தில் விரிக்கச் சொல்லுங்கள். எழுத்து எழுத்தாக, எண் எண்ணாக வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். வீட்டுப் பிள்ளைகளும் பக்கத்தில் நின்று கேட்கட்டும். வாசித்து முடிக்கும் வரை பணம் கொடுக்காதீர்கள். யார் பெயரையும் வாயில் எடுக்காதீர்கள்.